ஹெர்மன் ஹோலரித்

ஹெர்மன் ஹோலரித் (பெப்ரவரி 29, 1860 – நவம்பர் 17, 1929) ஐக்கிய அமெரிக்காவைச் சேர்ந்த பொறியியலாளரும் புள்ளியியலாளரும் கண்டுபிடிப்பாளரும் ஆவார். அட்டைகளில் துளைகளாகப் பதியப்பட்ட தகவல்களை மின்சாரத்தின் உதவியுடன் எண்ணி அட்டவணைப்படுத்தும் பொறியை இவர் உருவாக்கினார். 1890 ஆம் ஆண்டின் அமெரிக்க மக்கள்தொகைக் கணக்கெடுப்பு இப்பொறியைக் கொண்டே தொகுக்கப்பட்டது. இவர் 1896 இல் தொடங்கிய நிறுவனம் பின்னர் வேறு நிறுவனங்களுடன் இணைக்கப்பட்டு, 1924 இல் ஐபிஎம் என்னும் பெயரைப் பெற்றது.

ஒரு மனிதரின் வயது, பிறந்த இடம், தொழில் ஆகியவற்றை ஒரு பொறி படித்தறியக் கூடிய வடிவில் பெருமளவில் பதிந்த முதல் முறை ஹோலரித்தினுடையது. கணினிகள் தோன்றுவதற்கு ஏறத்தாழ அரை நூற்றாண்டுக்கு முன்னரே இது நிகழ்ந்தது. இதனால் கணினியியல் வரலாற்றில் மட்டுமன்றி, தரவுச் சேகரிப்பு, தனியுரிமை ஆகியவற்றின் வரலாற்றிலும் இவருக்கு இடம் உண்டு.

இளமையும் கல்வியும்

ஹோலரித் நியூ யார்க் மாநிலத்தின் பஃபலோ நகரில் பிறந்தார். இவரது பெற்றோர் ஜெர்மனியிலிருந்து அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்தவர்கள். இவர் சிறுவனாக இருக்கும்போதே தந்தை இறந்தார். சிறுவயதில் எழுத்துக்கூட்டல் பாடம் இவருக்குப் பெருந்தொல்லையாக இருந்தது என்றும், அதற்கு அஞ்சிப் பள்ளியின் சன்னல் வழியே வெளியேறி ஓடிவிடுவார் என்றும் கூறப்படுவதுண்டு. பின்னர் இவர் வீட்டிலேயே தனி ஆசிரியரிடம் பயின்றார்.

1875 இல் நியூ யார்க் நகரக் கல்லூரியில் சேர்ந்தார். அதன் பின் கொலம்பியாக் கல்லூரியின் சுரங்கவியல் பள்ளியில் பயின்று, 1879 ஆம் ஆண்டில், தமது 19 ஆவது வயதில், சுரங்கப் பொறியாளர் பட்டம் பெற்றார். அங்கு இவருக்கு ஆசிரியராக இருந்த வில்லியம் டிரௌபிரிட்ச், 1880 ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் பொறுப்பேற்றபோது தம் மாணவரையும் உடன் அழைத்துச் சென்றார். தொழிற்சாலைகளில் பயன்படும் நீராவி, நீர் ஆற்றல் பற்றிய புள்ளிவிவரங்களைத் தொகுக்கும் பணி ஹோலரித்துக்கு அளிக்கப்பட்டது.

எண்ணத்தின் தோற்றம்

அமெரிக்க அரசியலமைப்பின்படி பத்து ஆண்டுகளுக்கு ஒரு முறை மக்களை எண்ண வேண்டும். 1880 இல் நாட்டின் மக்கள்தொகை 5 கோடியைத் தாண்டியிருந்தது. நிரப்பப்பட்ட படிவங்களைப் பார்த்து எழுத்தர்கள் தாள்களில் கையால் குறியிட்டு, அவற்றைக் கூட்டிக் கணக்கிட்டனர். அட்டவணைகள் அனைத்தும் வெளிவர அப்பத்தாண்டின் பெரும்பகுதி கழிந்தது. மக்கள்தொகை பெருகிவந்ததால், ஒரு கணக்கெடுப்பின் முடிவுகள் வருமுன்னரே அடுத்தது தொடங்கிவிடும் என்னும் நிலை உருவானது.

கணக்கெடுப்பில் பிறப்பு இறப்புப் புள்ளிவிவரங்களுக்குப் பொறுப்பாக இருந்த மருத்துவர் ஜான் ஷா பில்லிங்ஸ், இவ்வேலையைச் செய்வதற்கு ஓர் இயந்திரம் இருக்க வேண்டும் என்னும் கருத்தை ஹோலரித்திடம் தெரிவித்தார். ஒவ்வொருவரின் விவரத்தையும் ஓர் அட்டையில் குறிக்கலாம் என்பதும் பில்லிங்ஸின் யோசனையே என ஹோலரித் பிற்காலத்தில் ஒப்புக்கொண்டார். பில்லிங்ஸ் இதை மேற்கொண்டு தொடரவில்லை. ஹோலரித் தொடர்ந்தார்.

1882 இல் மாசாசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் இயந்திரப் பொறியியல் கற்பிக்கச் சென்ற ஹோலரித், அங்கே தம் முதற் சோதனைகளைச் செய்தார். ஆசிரியப் பணி இவருக்கு ஒத்துவரவில்லை. விரைவில் வாசிங்டன் திரும்பி, காப்புரிம அலுவலகத்தில் சிறிது காலம் பணியாற்றினார். காப்புரிமம் பெறும் நடைமுறைகளை அறிய இது பெரிதும் உதவியது. 1884 செப்டம்பரில் தமது முதல் விண்ணப்பத்தை அளித்தார்.

நாடாவிலிருந்து அட்டைக்கு

முதல் வடிவமைப்பில் ஹோலரித் அட்டைகளைப் பயன்படுத்தவில்லை. நீண்ட தாள் நாடா ஒன்றில் ஒருவர் பின் ஒருவராக மக்களின் விவரங்கள் துளையிடப்பட்டன. இதில் ஒரு குறை இருந்தது. குறிப்பிட்ட ஒரு பிரிவினரை மட்டும் எண்ண வேண்டுமானால் முழு நாடாவையும் ஓட்ட வேண்டும். ஒருவரைப் பற்றிய பதிவை மற்றவர்களின் பதிவுகளிலிருந்து பிரித்தெடுக்க இயலாது.

இதற்கான தீர்வைத் தந்தது ஒரு தொடர்வண்டிப் பயணம். அக்காலத்தில் அமெரிக்காவின் மேற்குப் பகுதியில் ஓடிய சில தொடர்வண்டிகளில், ஒருவர் வாங்கிய பயணச்சீட்டை வேறொருவர் பயன்படுத்துவதைத் தடுக்க நடத்துநர்கள் ஒரு முறையைக் கையாண்டனர். முடி வெளிர்நிறமா கருமையா, கண்களின் நிறம் என்ன, மூக்கு பெரியதா சிறியதா போன்ற அங்க அடையாளங்கள் சீட்டின் ஓரத்தில் அச்சிடப்பட்டிருக்கும். பயணியின் தோற்றத்துக்குப் பொருந்தும் இடங்களில் நடத்துநர் துளையிடுவார். இது துளைகளால் ஆன ஒளிப்படம் என அழைக்கப்பட்டது. இதைக் கண்டதே தமக்கு வழிகாட்டியது என ஹோலரித் பல ஆண்டுகளுக்குப் பின் எழுதிய கடிதம் ஒன்றில் நினைவுகூர்ந்தார்.

இங்கு ஒன்றைக் கவனிக்கலாம். அப்பயணச்சீட்டு மக்களை எண்ணுவதற்காக உருவானதன்று. சீட்டை வைத்திருப்பவர் அதற்குரியவர்தாமா என்று சரிபார்ப்பதற்காக உருவானது. அடையாளம் காணும் கருவி ஒன்றிலிருந்து எண்ணும் கருவி பிறந்தது. பிற்காலத்தில் எண்ணும் கருவி மீண்டும் அடையாளம் காணும் கருவியானபோது எழுந்த சிக்கல்களே இன்று தனியுரிமை என்னும் தலைப்பில் பேசப்படுகின்றன.

முதற் சோதனைகள்

1880களின் நடுப்பகுதியில் ஹோலரித் தொடர்வண்டிகளுக்கான மின்காந்தத் தடுப்பு ஒன்றையும் உருவாக்கினார். அது சோதனைகளில் நன்கு இயங்கியபோதிலும் வெஸ்டிங்ஹவுசின் காற்றுத் தடுப்பே ஏற்கப்பட்டது. இத்தோல்விக்குப் பின் அவர் தம் முழுக் கவனத்தையும் அட்டவணைப்படுத்தும் பொறியின்மீது செலுத்தினார்.

மேரிலாந்து மாநிலத்தின் பால்ட்டிமோர் நகரில் இறப்புப் பதிவுகளைத் தொகுக்க இப்பொறி முதலில் பயன்பட்டது. பின்னர் நியூ செர்சி மாநிலத்திலும் நியூ யார்க் நகர சுகாதாரத் துறையிலும் பயன்பட்டது. பால்ட்டிமோரில் ஹோலரித் நடத்துநர்கள் பயன்படுத்தும் கைத்துளைக்கருவியைக் கொண்டே அட்டைகளைத் துளையிட்டார். அக்கருவி அட்டையின் ஓரங்களை மட்டுமே எட்டியது. நாள் முழுவதும் துளையிட்டால் கை வலித்தது. எனவே அட்டையின் எப்பகுதியிலும் எளிதாகத் துளையிடும் நெம்புகோல் அமைப்புடைய கருவி ஒன்றை உருவாக்கினார். சனவரி 8, 1889 அன்று இவருக்கு மூன்று காப்புரிமங்கள் வழங்கப்பட்டன.

அதே ஆண்டில், அடுத்த கணக்கெடுப்புக்கு ஏற்ற முறையைத் தேர்ந்தெடுக்க ஒரு போட்டி நடத்தப்பட்டது. செயின்ட் லூயிஸ் நகரின் சில பகுதிகளில் வாழ்ந்த 10,491 பேரைப் பற்றிய 1880 ஆம் ஆண்டின் படிவங்கள் சோதனைக்கு எடுத்துக்கொள்ளப்பட்டன. மூன்று முறைகள் போட்டியிட்டன.

- விவரங்களைப் படிவத்திலிருந்து படியெடுக்க ஹோலரித்தின் முறைக்கு ஏறத்தாழ 72.5 மணிநேரம் ஆனது. மற்ற இரண்டுக்கும் 100 மணிநேரத்துக்கும் மேல் ஆனது.
- படியெடுத்தவற்றை அட்டவணைப்படுத்த ஹோலரித்தின் முறைக்கு ஏறத்தாழ 5.5 மணிநேரம் போதுமானதாக இருந்தது. மற்ற இரண்டுக்கும் முறையே ஏறத்தாழ 44.5, 55.5 மணிநேரம் தேவைப்பட்டது.

ஹோலரித்தின் முறை தேர்ந்தெடுக்கப்பட்டது.

பொறி இயங்கும் முறை

1890 இல் பயன்பட்ட அட்டையில் 288 துளையிடங்கள் இருந்தன. ஒவ்வோர் இடத்துக்கும் ஒரு பொருள் உண்டு. ஆண், பெண், வயதுப் பிரிவு, பிறந்த நாடு, திருமண நிலை, தொழில் போன்றவை அவ்வவ்விடங்களில் துளையிடப்பட்டன. ஒருவருக்கு ஓர் அட்டை என்பதே விதி. அட்டையில் பெயர் துளையிடப்படவில்லை. ஆனால் அவர் வாழும் கணக்கெடுப்புப் பகுதி துளைகளால் குறிக்கப்பட்டது.

எழுத்தர் அட்டையைப் பொறியின் அழுத்தியில் வைத்து மேற்பகுதியைக் கீழே இழுப்பார். வில்லுடன் கூடிய ஊசிகள் அட்டையின்மீது இறங்கும். துளை இல்லாத இடத்தில் அட்டை ஊசியைத் தடுத்துவிடும். துளை உள்ள இடத்தில் ஊசி அட்டையின் ஊடாகச் சென்று கீழேயுள்ள சிறு கிண்ணத்துப் பாதரசத்தைத் தொடும். அப்போது மின்சுற்று நிறைவடைந்து, அதற்குரிய எண்வட்டின் முள் ஓர் எண் முன்னேறும். அதே வேளையில் அருகிலுள்ள வரிசைப்படுத்தும் பெட்டியில் குறிப்பிட்ட அறையின் மூடி திறக்கும். எழுத்தர் அட்டையை அதில் போட்டு மூடுவார்.

மின்காந்தத் தொடரிகளைப் பொருத்தமாக இணைப்பதன் மூலம் பல பண்புகளைச் சேர்த்தும் எண்ண முடிந்தது. எடுத்துக்காட்டாக, வெளிநாட்டில் பிறந்த, திருமணமான, குறிப்பிட்ட வயதுப் பிரிவைச் சேர்ந்த ஆண்கள் எத்தனை பேர் என்பதை ஒரே ஓட்டத்தில் அறியலாம். எண்ணும் வேகத்தைவிட இதுவே இப்பொறியின் பெரும் புதுமை எனலாம். கையால் எண்ணியபோது இத்தகைய கூட்டுக் கேள்விகள் மிகுந்த செலவு பிடிப்பவையாக இருந்ததால் பெரும்பாலும் கேட்கப்படவில்லை. இப்போது அவை எளிதாயின. ஆனால் ஒருவரின் பண்புகளை ஒன்றன்மேல் ஒன்றாகச் சேர்க்கும்போது அவற்றுக்குப் பொருந்துவோரின் எண்ணிக்கை குறைந்துகொண்டே செல்லும். ஒரு சிறிய பகுதியில் அது ஒரு சிலராகவோ ஒரே ஒருவராகவோ ஆகிவிடலாம். பெயர் இல்லாத அட்டையும் இவ்வாறு ஓர் ஆளைச் சுட்டக்கூடும். இன்றைய தரவுத்தளங்களில் பெயர்களை நீக்கிய பின்னரும் எஞ்சும் சிக்கல் இதுவே.

1890 ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பு

1890 சூனில் கணக்கெடுப்பு தொடங்கியது. ஹோலரித்தின் பொறிகளைக் கொண்டு நாட்டின் மொத்த மக்கள்தொகை ஏறத்தாழ ஆறு வாரங்களில் எண்ணி முடிக்கப்பட்டது. அறிவிக்கப்பட்ட தொகை 6 கோடியே 26 இலட்சம் ஆகும். பின்னர் இது 6 கோடியே 29 இலட்சமாகத் திருத்தப்பட்டது. இதைவிடப் பெரிய எண்ணை எதிர்பார்த்திருந்த பலர் ஏமாற்றமடைந்து பொறியின்மீதே குறை கூறினர். அட்டைகளில் துளையிடும் பணியில் பெண்கள் பெருமளவில் ஈடுபட்டனர்.

விரைவாக எண்ண முடிந்ததால் செலவு குறைந்தது என எண்ணுதல் கூடாது. 1890 ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின் மொத்தச் செலவு 1880 ஆம் ஆண்டினதைப்போல் ஏறத்தாழ இருமடங்கு ஆனது. மக்கள்தொகை வளர்ச்சியுடன், கேள்விகளும் அட்டவணைகளும் பெருகியதும் இதற்குக் காரணம். எண்ணுவது எளிதானபோது, எண்ண வேண்டியவை எனக் கருதப்பட்டவை மிகுந்தன.

இப்பணிக்காக ஹோலரித்துக்குப் பல சிறப்புகள் கிடைத்தன. கொலம்பியா இவருக்கு 1890 இல் முனைவர் பட்டம் வழங்கியது. பிராங்கிளின் கழகம் அதே ஆண்டில் எலியட் கிரெசன் பதக்கத்தை வழங்கியது. 1890 செப்டம்பரில் இவர் லூசியா டால்காட் என்பவரை மணந்தார். இவர்களுக்கு மூன்று மகன்களும் மூன்று மகள்களும் பிறந்தனர். ஆஸ்திரியா, கனடா, நார்வே ஆகிய நாடுகள் தம் கணக்கெடுப்புகளில் இப்பொறிகளைப் பயன்படுத்தின. 1897 இல் நடைபெற்ற உருசியப் பேரரசின் முதல் பொதுக் கணக்கெடுப்பும் இவ்வாறே தொகுக்கப்பட்டது.

கேள்விகளும் எதிர்ப்பும்

1890 ஆம் ஆண்டின் படிவத்தில் ஒவ்வொரு குடும்பத்துக்கும் தனித்தாள் இருந்தது. பெயர், வயது போன்றவற்றுடன், ஒரு தாய்க்குப் பிறந்த குழந்தைகள் எத்தனை, அவர்களில் உயிருடன் இருப்போர் எத்தனை, ஆங்கிலம் பேச முடியுமா, ஆண்டில் எத்தனை மாதம் வேலையின்றி இருந்தார் என்பனவும் கேட்கப்பட்டன. நாட்பட்ட நோய் உண்டா, உடற்குறை உண்டா, சிறைப்பட்டவரா, வறியவரா என்பனவும் இடம்பெற்றன. வீடோ பண்ணையோ அடமானத்தில் உள்ளதா என்ற கேள்வியும் இருந்தது. இனம் பற்றிய கேள்வியில், கறுப்பின மரபு எத்தனை பங்கு என்பதைப் பொறுத்து மக்கள் தனித்தனிப் பிரிவுகளாகப் பகுக்கப்பட்டனர்.

நோய், கடன் பற்றிய கேள்விகளுக்குச் செய்தித்தாள்களில் கடும் எதிர்ப்பு எழுந்தது. வீட்டு வாயிலில் வந்து நிற்கும் அந்நியர் ஒருவரிடம் இவற்றைச் சொல்ல வேண்டிய கட்டாயம் ஏன் எனப் பலர் வினவினர். விடை கூற மறுப்போருக்குச் சட்டம் அபராதம் விதித்தது. அதே சட்டம், அறிந்ததை வெளியிடும் கணக்கெடுப்பாளருக்கும் அபராதம் விதித்தது. இவ்விரண்டாவது விதி அமெரிக்காவில் படிப்படியாக உருவான ஒன்று. 1790 முதல் 1840 வரையிலான கணக்கெடுப்புகளில் பட்டியல்களைப் பொது இடங்களில் ஒட்டி, பிழைகளைத் திருத்த மக்களுக்கு வாய்ப்பளிப்பதே வழக்கமாக இருந்தது. கேள்விகள் பெருகப் பெருகவே மறைபொருள் காக்கும் கடமையும் சட்டத்தில் வலுப்பெற்றது.

1890 ஆம் ஆண்டின் மூலப் படிவங்களில் மிகச் சிலவே இன்று எஞ்சியுள்ளன. 1921 சனவரியில் வாசிங்டனில் வணிகத் துறைக் கட்டடத்தில் ஏற்பட்ட தீயில் அவை பெரிதும் சேதமடைந்தன. எஞ்சியவை 1930களில் அரசின் ஒப்புதலுடன் அழிக்கப்பட்டன.

வணிகத் துறையில் துளை அட்டை

கணக்கெடுப்பு பத்தாண்டுக்கு ஒரு முறையே வரும். இடைப்பட்ட காலத்தில் பொறிகளுக்கு வேலை தேட வேண்டியிருந்தது. ஹோலரித் தொடர்வண்டி நிறுவனங்களை நாடினார். எண்ணுவதோடு எண்களைக் கூட்டவும் வல்ல பொறியை உருவாக்கி, 1890களின் நடுவில் நியூ யார்க் சென்ட்ரல் தொடர்வண்டி நிறுவனத்தின் சரக்குச் சீட்டுகளைக் கணக்கிட அளித்தார். 1896 திசம்பரில் டேபுலேட்டிங் மெசின் கம்பெனி என்னும் நிறுவனத்தைத் தொடங்கினார். காப்பீட்டு நிறுவனங்களும் பெரிய அங்காடிகளும் பின்னர் வாடிக்கையாளர்களாயின.

ஹோலரித் பொறிகளை விற்கவில்லை, வாடகைக்கு மட்டுமே விட்டார். அட்டைகளையும் தம் நிறுவனமே விற்றது. பொறியின் வாடகையும், ஓயாது தேவைப்பட்ட அட்டைகளின் விற்பனையும் நிலையான வருவாயைத் தந்தன. இவ்வணிக முறையை ஐபிஎம் நெடுங்காலம் பின்பற்றியது.

இதன் விளைவாக, பத்தாண்டுக்கு ஒரு முறை நிகழ்ந்த தகவல் சேகரிப்பு அன்றாட நிகழ்வானது. வாங்கிய பொருள், அனுப்பிய சரக்கு, செலுத்திய காப்பீட்டுத் தவணை, பெற்ற கூலி என ஒவ்வொன்றும் ஓர் அட்டையாயிற்று. கணக்கெடுப்பு அலுவலரின் வாயைக் கட்டிய சட்டம் வணிக நிறுவனங்களின் அட்டைப் பெட்டிகளைக் கட்டுப்படுத்தவில்லை.

கணக்கெடுப்புப் பணியகத்துடன் பிணக்கு

1900 ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பிலும் ஹோலரித்தின் பொறிகளே பயன்பட்டன. 1902 இல் கணக்கெடுப்புப் பணியகம் நிலையான அமைப்பாக்கப்பட்டது. அதன் இயக்குநர் சைமன் நார்த், ஹோலரித் கேட்ட வாடகை மிக அதிகம் எனக் கருதினார். உடன்பாடு ஏற்படாததால் 1905 இல் ஹோலரித்தின் பொறிகள் பணியகத்திலிருந்து அகற்றப்பட்டன. பணியகம் சொந்தப் பொறிகளை உருவாக்கத் தொடங்கியது. அங்குப் பணியாற்றிய சேம்சு பவர்சு புதிய துளையிடும் பொறியை உருவாக்கினார். பின்னர் தனி நிறுவனம் தொடங்கி ஹோலரித்தின் முதன்மைப் போட்டியாளரானார்.

பணியகம் தம் காப்புரிமங்களை மீறியது என ஹோலரித் வழக்குத் தொடர்ந்தார். அதில் அவர் வெற்றி பெறவில்லை. பிடிவாதமும் முன்கோபமும் உடையவராக இருந்த ஹோலரித், விற்பனைக்காக எவரிடமும் இறங்கிப் போவதை விரும்பவில்லை. போட்டி மிகுந்த நிலையில் இக்குணம் நிறுவனத்துக்கு இடையூறாயிற்று.

இறுதிக் காலம்

1911 இல் நிதித்துறையாளர் சார்லசு பிளின்ட், ஹோலரித்தின் நிறுவனத்தை வாங்கி, எடைபார்க்கும் கருவிகள், நேரப்பதிவுக் கடிகாரங்கள் ஆகியவற்றை உருவாக்கிய நிறுவனங்களுடன் இணைத்தார். இவ்விற்பனையில் ஹோலரித்துக்கு 12 இலட்சம் டாலருக்கும் மேல் கிடைத்தது. புதிய நிறுவனத்தில் 1921 வரை ஆலோசகராக இருந்தார். 1914 இல் நிறுவனத்தின் பொறுப்பேற்ற தாமசு வாட்சன் விற்பனையையும் வெளிநாட்டு வணிகத்தையும் விரிவாக்கினார். 1924 இல் நிறுவனம் ஐபிஎம் எனப் பெயர் மாற்றப்பட்டது.

ஹோலரித் தம் இறுதி ஆண்டுகளில் தமது பண்ணையில் மாடுகள் வளர்ப்பதில் ஈடுபட்டார். படகுகள், தானுந்துகள், நல்ல உணவு ஆகியவற்றிலும் நாட்டம் கொண்டிருந்தார். நவம்பர் 17, 1929 அன்று வாசிங்டனில் மாரடைப்பால் காலமானார். அந்நகரின் சார்ச்டவுன் பகுதியிலுள்ள ஓக் ஹில் கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டார்.

துளை அட்டையும் தனியுரிமையும்

ஹோலரித் மறைந்தபின் வந்த இருபது ஆண்டுகளில் துளை அட்டை மூன்று வெவ்வேறு வகைகளில் பயன்பட்டது. கருவி ஒன்றே. பயனை வேறுபடுத்தியவை சட்டமும் ஆட்சியுமே.

முதலாவது, நலத்திட்டம். அமெரிக்காவில் 1935 இல் சமூகப் பாதுகாப்புச் சட்டம் இயற்றப்பட்டது. ஏறத்தாழ 2.6 கோடித் தொழிலாளர்களின் ஊதியக் கணக்கை வாழ்நாள் முழுவதும் பேண வேண்டியிருந்தது. ஐபிஎம்மின் துளை அட்டைப் பொறிகள் இதை இயலச் செய்தன. முதுமையில் ஓய்வூதியம் பெற்ற கோடிக்கணக்கானோர் இதனால் பயனடைந்தனர். இதன்பொருட்டு வழங்கப்பட்ட எண், காலப்போக்கில் வங்கி, வரி, கல்வி என எல்லாத் துறைகளிலும் அடையாள எண்ணாகப் பயன்படலாயிற்று.

இரண்டாவது, ஒடுக்குமுறை. ஜெர்மனியில் ஹோலரித்தின் பொறிகளை வாடகைக்கு விட 1910 இல் டெகோமாக் என்னும் நிறுவனம் தொடங்கப்பட்டது. 1920களின் தொடக்கத்தில் அதன் பெரும்பங்கு அமெரிக்கத் தாய் நிறுவனத்தின் உடைமையாயிற்று. நாட்சிகள் ஆட்சிக்கு வந்த 1933 இல் பிரசியா மாநிலத்தின் கணக்கெடுப்பை இந்நிறுவனமே தொகுத்தது. 1939 மே மாதக் கணக்கெடுப்பில், ஒவ்வொருவரும் தம் தாத்தா பாட்டியர் நால்வரில் யூதர் எவர் என்பதைத் தனி அட்டையில் எழுதித் தர வேண்டியிருந்தது. அவ்விவரம் புள்ளிவிவரத்துடன் நிற்கவில்லை, யூதர்களைப் பதிவு செய்யவும் பயன்பட்டது. வதை முகாம்களில் கைதிகளின் உழைப்பை நிர்வகிக்கவும் துளை அட்டைகள் கையாளப்பட்டன. இப்படுகொலையில் இப்பொறிகளின் பங்கு எவ்வளவு என்பதில் வரலாற்றாளர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. எட்வின் பிளாக் 2001 இல் வெளியிட்ட நூல் இதைப் பெரும் விவாதப்பொருளாக்கியது. உள்ளூர்ப் பதிவேடுகளும் காவல்துறைப் பட்டியல்களுமே முதன்மையான கருவிகள் என்பது வேறு சிலரின் கருத்து.

பிரான்சில் இதற்கு மாறான ஒரு நிகழ்வு உண்டு. போர்க்காலத்தில் அந்நாட்டின் தேசியப் புள்ளிவிவரப் பணியகத்துக்குத் தலைமை தாங்கிய ரெனே கார்மில் துளை அட்டை முறையில் வல்லவர். அவர் எதிர்ப்பு இயக்கத்தில் இரகசியமாக இணைந்திருந்தார். யூதர்களைப் பற்றிய அட்டவணைகளை அவர் வேண்டுமென்றே காலந்தாழ்த்தினார் எனக் கூறப்படுகிறது. 1944 பெப்ரவரியில் கைது செய்யப்பட்டு, 1945 சனவரியில் டாக்கௌ முகாமில் இறந்தார்.

மூன்றாவது, வாக்குறுதி மீறல். கணக்கெடுப்பு விவரம் வேறெதற்கும் பயன்படாது என்பது அமெரிக்க அரசின் உறுதிமொழி. 1942 மார்ச்சில் இயற்றப்பட்ட போர்க்கால அதிகாரச் சட்டம் அக்காப்பைத் தளர்த்தியது. சப்பானிய மரபினர் எந்தெந்தப் பகுதிகளில் எத்தனை பேர் வாழ்கின்றனர் என்னும் அட்டவணைகளைப் பணியகம் இராணுவத்துக்கு வழங்கியது. ஏறத்தாழ 1,20,000 பேர் வீடுகளிலிருந்து வெளியேற்றப்பட்டு முகாம்களில் அடைக்கப்பட்டனர். வழங்கப்பட்டவை எண்களே, பெயர்கள் அல்ல என்று நெடுங்காலம் கூறப்பட்டது. 2000 ஆம் ஆண்டில் பணியகத்தின் இயக்குநர் கென்னத் புரூவிட் இதற்காக மன்னிப்புக் கோரினார். வாசிங்டன் பகுதியில் வாழ்ந்த சிலரின் பெயர்களும் முகவரிகளுமே 1943 இல் வழங்கப்பட்டன என்பதற்கான ஆவணங்களை மார்கோ ஆண்டர்சன், வில்லியம் செல்ட்சர் ஆகிய ஆய்வாளர்கள் 2007 இல் வெளியிட்டனர்.

சட்டப் பாதுகாப்பு

இவ்வனுபவங்களிலிருந்து சட்டங்கள் வளர்ந்தன. அமெரிக்கக் கணக்கெடுப்புச் சட்டம் 1954 இல் தொகுக்கப்பட்டபோது, தனிமனிதர் விவரங்களை வேறு அரசுத் துறைகளுக்கும் தரலாகாது என்பது அதில் இடம்பெற்றது. பெயர் உள்ள படிவங்கள் 72 ஆண்டுகள் கழிந்த பின்னரே பொதுமக்கள் பார்வைக்கு வருகின்றன.

இன்னும் விரிவான தீர்ப்பு ஜெர்மனியில் வந்தது. மேற்கு ஜெர்மனி 1983 இல் நடத்தவிருந்த கணக்கெடுப்புக்கு மக்களிடையே கடும் எதிர்ப்பு எழுந்தது. திரட்டப்படும் விவரங்களைக் கொண்டு உள்ளாட்சிகளின் குடியிருப்போர் பதிவேடுகளைத் திருத்தவும் அச்சட்டம் இடமளித்திருந்தது. திசம்பர் 15, 1983 அன்று அந்நாட்டின் அரசியலமைப்பு நீதிமன்றம் இவ்விதியைச் செல்லாது என அறிவித்தது. தம்மைப் பற்றிய தகவல் யாரால், எதற்காகப் பயன்படுத்தப்படலாம் என்பதைத் தீர்மானிக்கும் உரிமை ஒவ்வொருவருக்கும் உண்டு என்றும், தானியங்கிச் செயலாக்கம் வந்தபின் அற்பமான தகவல் என ஒன்று இல்லை என்றும் நீதிமன்றம் கருதியது. ஒரு நோக்கத்துக்காகப் பெற்ற தகவலை மற்றொரு நோக்கத்துக்குப் பயன்படுத்தலாகாது என்னும் கொள்கை இதனால் வலுப்பெற்றது. திருத்தப்பட்ட சட்டத்தின்கீழ் கணக்கெடுப்பு 1987 இல் நடைபெற்றது.

மதிப்பீடு

ஹோலரித் அரசியல் நோக்கம் எதையும் கொண்டு தம் பொறியை உருவாக்கவில்லை. எழுத்தர்களின் ஆண்டுக்கணக்கான உழைப்பைக் குறைப்பதே அவர் எதிர்கொண்ட சிக்கல். பொதுச் சுகாதாரம், கல்வி, வேலைவாய்ப்பு ஆகியவற்றில் அரசுகள் உண்மை நிலையை அறிந்து செயற்பட இவரது பொறி வழிசெய்தது. நாட்சி ஆட்சிக் கால நிகழ்வுகள் அவர் மறைவுக்குப் பின்னர் நடந்தவை. எனினும் ஒரு மனிதருக்கு ஓர் அட்டை, ஒரு பண்புக்கு ஒரு துளை, எப்போது வேண்டுமானாலும் மீண்டும் வரிசைப்படுத்தலாம் என்னும் இவரது அமைப்பே பின்னாளைய தரவுத்தளங்களின் அடிப்படை. எதற்காக எண்ணுகிறோம் என்பதை அட்டை அறியாது. அதனை வரையறுக்கும் பொறுப்பு பொறியை இயக்குவோரிடமும் சட்டத்திடமும் உள்ளது.

நினைவு

- ஜெர்மனியில் துளை அட்டைப் பொறிகள் நெடுங்காலம் ஹோலரித் பொறிகள் என்றே அழைக்கப்பட்டன.
- போர்ட்ரான் நிரல்மொழியின் தொடக்கப் பதிப்புகளில் எழுத்துச் சரங்களைக் குறிக்கும் மாறிலி ஹோலரித் மாறிலி எனப் பெயர் பெற்றது.
- சார்ச்டவுனில் இவரது பட்டறை இயங்கிய கட்டடத்தில் நினைவுப் பலகை ஒன்று பொருத்தப்பட்டுள்ளது. 1890 காலத்துப் பொறி வாசிங்டனிலுள்ள அமெரிக்க வரலாற்று அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் உள்ளது.
- ஐபிஎம் 1928 இல் அறிமுகப்படுத்திய அட்டையில் 80 நிரல்கள் இருந்தன. பிற்காலக் கணினித் திரைகளில் ஒரு வரிக்கு 80 எழுத்துகள் என்னும் வழக்கம் இதிலிருந்து வந்ததாகும்.